கணக்கு சரி, கேள்வி தப்பு: லூர்து மேரியின் நினைவாக

செவ்வாய்க்கிழமை காலை நான் தேர்வு அறையில் கண்காணிப்பில் இருந்தேன். ஒலியை அணைத்து மேசையின் மேல் வைத்திருந்த கைப்பேசி மூன்று முறை ஒளிர்ந்தது. மூன்று முறையும் அஞ்சலையின் பெயர். அஞ்சலை அரியாங்குப்பத்தில் லூர்துவின் பக்கத்து வீட்டுக்காரர். அந்த நேரத்தில் அவர் வேலையில் இருக்க வேண்டும். தாழ்வாரத்துக்குப் போய் எடுத்தேன்.

"பரமு டீச்சர், எங்க டீச்சர் போயிட்டாங்க."

"எங்கே?" என்று கேட்டேன். உண்மையாகவே அப்படித்தான் கேட்டேன். அந்தப் பக்கம் அழுகை கேட்ட பிறகுதான் புரிந்தது. லூர்து காலையில் காப்பி போட்டு வைத்திருக்கிறாள். நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். அஞ்சலை கதவைத் தட்டிப் பார்த்து, பின்வழியாக உள்ளே போனபோது எல்லாம் முடிந்திருந்தது.

தேர்வு முடிய இன்னும் ஒரு மணி நேரம் இருந்தது. அந்த ஒரு மணி நேரம் என்ன செய்தேன் என்று கேட்டால், கூடுதல் தாள் கேட்டவர்களுக்குத் தாள் கொடுத்தேன், தாளைக் கட்ட நூல் கேட்டவர்களுக்கு நூல் கொடுத்தேன். வேறு எதுவும் நினைவில் இல்லை.

இந்தக் குறிப்பை 'அவர்' என்றுதான் எழுதத் தொடங்கினேன். கை வரவில்லை. நானும் அவளும் ஒரே ஆண்டில் இந்தக் கல்லூரியில் சேர்ந்தோம். நான் கணிதம், அவள் புள்ளியியல். இடம் போதாத கல்லூரி என்பதால் இருவருக்கும் ஒரே அறை, எதிரெதிர் மேசை. சென்ற ஆண்டு அவள் ஓய்வு பெறும் வரை அந்த அறையில் எங்களுக்குள் நடந்த சண்டைகளுக்குக் கணக்கில்லை. அவளை அறிந்த நீங்கள் என் உரிமையைப் பொறுத்துக்கொள்வீர்கள். மில் தொழிலாளியின் மகள் என்பதையும், ஆற்றுப்பாலத்தைத் தாண்டி மழையிலும் வெயிலிலும் ஸ்கூட்டரில் வந்தவள் என்பதையும் நீங்களே அறிவீர்கள். நீங்கள் அறியாத ஒன்றை, அறிந்தாலும் பாதிதான் அறிந்த ஒன்றைச் சொல்லவே எழுதுகிறேன். அதில் எனக்கும் பங்கு உண்டு.

முதலில் ஒரு வேடிக்கை. நான் பச்சைப் புடவை கட்டி வரும் நாளெல்லாம் மின்சாரம் போகிறது என்று எங்கள் துறையில் ஒரு பேச்சு கிளம்பியது. எல்லோரும் சிரித்தோம். லூர்து மட்டும் சிரிக்காமல் அலமாரிக் கதவின் உள்பக்கம் ஒரு தாளை ஒட்டினாள். தலைப்பில் ஒரே ஒரு வரி: 'பரமுவின் புடவைக்கும் மின்வெட்டுக்கும் தொடர்பு இல்லை.' அதுதான் இன்மைக் கருதுகோள் என்றாள். தொடர்பு இல்லை, வேறுபாடு இல்லை, மாற்றம் இல்லை என்று முதலில் வைத்துக்கொள்வது. பிறகு கையில் வரும் விவரம் அதைத் தள்ளிவிடும் அளவுக்கு வலுவாக இருக்கிறதா என்று பார்ப்பது. ஒரு பருவம் முழுக்க நாள் தவறாமல் புடவையின் நிறத்தையும் மின்வெட்டையும் குறித்தாள். கடைசியில் கணக்குப் போட்டுவிட்டு, "தள்ள முடியலடி" என்றாள்.

"அப்போ என் புடவை மேல பழி இல்ல."

"பழி நிரூபணமாகலன்னு சொன்னேன். பழி இல்லன்னு நான் சொல்லலியே."

அன்று எல்லோரும் அதற்கும் சிரித்தோம். நானும்தான்.

எங்கள் நிரந்தரச் சண்டை கருதுகோள் என்ற சொல்லைப் பற்றியது. கணிதத்தில் அது தேற்றத்தின் முன்பாதி. 'இது இவ்வாறு இருக்குமானால்' என்று தொடங்குவோம். அதை ஏற்றுக்கொண்டு அடுத்த வரிக்குப் போனால், அதன்பின் அதை யாரும் விசாரிப்பதில்லை. அதிலிருந்து வரும் முடிவு அசையாது. அவளுடைய கருதுகோளோ எப்போதும் தள்ளாடிக்கொண்டே நிற்கும். ஒருநாள் அவளைச் சீண்டுவதற்காகப் பலகையில் ஒரு கணக்கு எழுதினேன். ஓர் எண்ணை அதாலேயே பெருக்கு, அதோடு அந்த எண்ணையும் நாற்பத்தொன்றையும் கூட்டு. பூஜ்யத்திலிருந்து முப்பத்தொன்பது வரை எந்த எண்ணைப் போட்டாலும் பகா எண்தான் வரும். நாற்பதைப் போட்டால் 1681. அது நாற்பத்தொன்றை நாற்பத்தொன்றால் பெருக்கியது. எல்லாம் கவிழ்ந்தது.

"நாப்பது தடவை சரியா வந்துச்சு. உன் புள்ளியியலா இருந்தா கையெழுத்தே போட்டிருக்கும்" என்றேன்.

அவள் டிபன் டப்பாவை மூடிக்கொண்டே சொன்னாள்: "நீ எல்லா எண்ணும் உன் வீட்டுல குடியிருக்குன்னு நினைக்கிற. எனக்கு வர்றது இருபது பேரு. அதுல ரெண்டு பேரு அன்னைக்கு லீவு."

அப்படி அவளிடம் வந்த ஒரு கூட்டத்தைப் பற்றித்தான் இனிச் சொல்ல வேண்டும்.

அஞ்சலை அப்போது தட்டாஞ்சாவடியில் காலணிக்கு மேல்தோல் ஒட்டித் தைக்கும் ஒரு சிறிய தொழிற்கூடத்தில் வேலை பார்த்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை, பூசை முடிந்து வந்த லூர்துவிடம் அவர் சொன்னார்: "டீச்சர், கால் மரத்துப் போவுது. முந்தாநாளு பஸ்சுக்கு ஓடுனேன். ஏறி உக்காந்து பாத்தா ஒரு கால்ல செருப்பு இல்ல. கழண்டு போனதே தெரியல." அங்கே இன்னும் சிலருக்கும் அப்படி இருக்கிறதாம். ஒட்டுவதற்குப் புதிதாக வந்திருக்கும் பசையின் மேல் எல்லோருக்கும் சந்தேகம். சொல்யூஷன் என்று அவர்கள் சொல்லும் அந்தப் பசையின் நெடி தலையைச் சுற்றும் என்றார்.

லூர்து அந்த முதலாளியை அவர் வீட்டில் போய்ப் பார்த்தாள். அவர் கெட்டவர் இல்லை, பயந்தவர். படித்தவர்கள் சோதித்துப் பார்த்து ஒன்றுமில்லை என்று சொன்னால் தனக்கும் நிம்மதி என்று சம்மதித்தார். எங்களுக்குத் தெரிந்த ஒரு மருத்துவர், கண்ணை மூடச் சொல்லி நைலான் இழையால் பாதத்தைத் தொட்டும், அதிரும் இசைக்கவையைக் கால் பெருவிரலில் வைத்தும் உணர்வு இருக்கிறதா என்று பார்க்க ஒப்புக்கொண்டார். யாரை யாரோடு ஒப்பிடுவது என்பதுதான் கேள்வி. முதலாளி கொடுத்த பட்டியலில் இரண்டு தலைப்புகள் இருந்தன: ஒட்டும் பிரிவு, தைக்கும் பிரிவு.

லூர்து தயங்கினாள். நான்தான் சொன்னேன்: "ஒரே கட்டடம், ஒரே வயசு, ஒரே ஊரு. ஒரு கூட்டம் பசையைத் தொடுது, ஒரு கூட்டம் தொடல. இதைவிடச் சரியான ஒப்பீடு உனக்கு எங்கடி கிடைக்கும்?" தேற்றத்தின் முதல் வரியை வாசிப்பதுபோல் அதைச் சொன்னேன். அந்தக் குரல் இன்னும் என் காதில் இருக்கிறது.

ஒரு பள்ளிக்கூட வகுப்பறையில் சோதனை நடந்தது. கணக்குப் போட்டதில் இரண்டு பிரிவுக்கும் வேறுபாடு தெரியவில்லை. லூர்து அறிக்கையில் எழுதிய வாக்கியம் இதுதான்: 'இரு பிரிவினருக்கும் இடையே வேறுபாடு உள்ளது என்று சொல்லப் போதுமான சான்று கிடைக்கவில்லை.' பாடப்புத்தகம் ஒப்புக்கொள்ளும் வாக்கியம். அதில் ஓர் எழுத்துகூடப் பொய் இல்லை.

பத்து நாள் கழித்து அஞ்சலை கல்லூரிக்கே வந்துவிட்டார். கைப்பேசியில் ஒரு படம் காட்டினார். தொழிற்கூட வாசலில் ஓர் அறிவிப்புப் பலகை: 'இங்கு பயன்படுத்தும் பசையால் உடலுக்குத் தீங்கு இல்லை என்று பேராசிரியர் லூர்து மேரி அவர்கள் நிரூபித்துள்ளார்.'

"நான் அப்படி எழுதலியே அஞ்சலை."

"உங்க பேருதானே போட்டிருக்கு. அப்போ என் காலு பொய் சொல்லுதா டீச்சர்?"

லூர்துவின் முகம் நான் அதுவரை பார்க்காத நிறத்துக்குப் போனது. அன்று மதிய வகுப்பை விட்டுவிட்டு ஸ்கூட்டரை எடுத்தாள். நான் பின்னால் ஏறிக்கொண்டேன். வழியெல்லாம் ஹாரனைத் தேவையில்லாமல் அடித்துக்கொண்டே போனாள்.

பலகையை எடுக்கச் சொல்லத்தான் போனோம். அதுவரை நாங்கள் அந்தக் கூடத்தின் உள்ளே போனதில்லை என்பதை இங்கே ஒப்புக்கொள்ள வேண்டும். சோதனை பள்ளிக்கூடத்தில் நடந்தது, பட்டியல் காகிதத்தில் வந்தது. உள்ளே ஒரே ஒரு நீளக் கூடம். நடுவில் இடுப்பளவு உயரத்துக்கு ஒரு பலகைத் தடுப்பு. இந்தப் பக்கம் ஒட்டும் பிரிவு, அந்தப் பக்கம் தைக்கும் பிரிவு. தோலில் தூசி படியாமல் இருக்க ஜன்னல்கள் எல்லாம் மூடியிருந்தன. ஒட்டும் மேசைக்குப் பின்னால் ஒரு பெரிய மின்விசிறி, பசை சீக்கிரம் காய்வதற்காக, நெடியை அப்படியே தையல் மெஷின்கள் பக்கம் தள்ளிக்கொண்டிருந்தது.

தைக்கும் பிரிவில் சகுந்தலா என்ற பெண் ஊசியில் நூல் கோக்க முயன்றுகொண்டிருந்தார். மூன்று முறை தவறியது. நான்காவது முறை பக்கத்து மெஷின்காரர் பேசாமல் வாங்கிக் கோத்துக் கொடுத்தார். நெடுநாள் பழக்கம்போல் அது நடந்தது.

லூர்து என் கையைப் பிடித்தாள். "பரமு, இதுல எங்கடி ரெண்டு கூட்டம்?"

தொடுகிறவர்களுக்கும் தொடாதவர்களுக்கும் வேறுபாடு இல்லைதான். எல்லோரும் ஒரே காற்றைத்தான் குடித்துக்கொண்டிருந்தார்கள். எங்கள் கணக்கு அதை ஒழுங்காகத்தான் சொல்லியிருக்கிறது. நாங்கள்தான் அதைக் கேட்டுக்கொள்ளவில்லை.

முதலாளியின் அறையில் நடந்த பேச்சு எனக்கு வரி வரியாக நினைவிருக்கிறது.

"கணக்கு தப்பாயிடுச்சா மேடம்?"

"கணக்கு சரி சார். கேள்வி தப்பு."

"கணக்கு சரின்னா போர்டும் சரிதானே?"

"வேறுபாடு தெரியலன்னு எழுதினேன். தீங்கு இல்லன்னு எழுதல. ரெண்டும் ஒண்ணு இல்ல."

"எனக்கு இதெல்லாம் புரியாது மேடம். தீங்கு இருக்குன்னு நிரூபிச்சுட்டு வாங்க, நானே எடுத்துடறேன்."

"அதுவரைக்கும் ஜன்னலையாவது திறந்து வையுங்க. அதுக்கு நிரூபணம் வேணாம்."

"தூசி விழும். சரக்கு திரும்பி வந்துடும்."

பலகை அங்கேயே இருந்தது.

லூர்து இரண்டாவது ஆய்வைத் தொடங்கினாள். இந்த முறை தட்டாஞ்சாவடிப் பெண்களை, மேட்டுப்பாளையத்தில் துணி தைக்கும் ஒரு கூடத்துப் பெண்களோடு ஒப்பிடுவது என்று வைத்தாள். அதே வயது, அதே மெஷின் வேலை, ஆனால் பசை இல்லை. முதலில் தானே போய் அந்தக் கூடத்துக்குள் ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து பார்த்துவிட்டு வந்தாள். ஒருவரைக்கூடச் சோதிக்கும் முன், என்ன கேட்கிறோம், எது வந்தால் என்ன சொல்வோம் என்று ஒரு தாளில் எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கினாள். "பாத்ததுக்கு அப்புறம் எழுதினா அது கருதுகோள் இல்லடி, கதை" என்றாள்.

ஆள் சேர்ப்பது எளிதாக இல்லை. விடுமுறை நாளில்தான் வர முடியும். ஒரு வாரம் பத்துப் பேர் வருவதாகச் சொல்லி மூன்று பேர் வந்தார்கள். வாரங்கள் போயின. அஞ்சலை பொறுமை இழந்தார்.

"ஏற்கெனவே தெரியுதே டீச்சர், இன்னும் எதுக்கு எண்ணுறீங்க? நீங்க எங்க பக்கமா, அவங்க பக்கமா?"

"நான் உங்க பக்கம்தான். ஆனா கணக்கு நோட்டு யாரு பக்கமும் இருக்கக்கூடாது. இருந்தா மறுபடி ஒரு பலகை மாட்டுவாங்க."

அஞ்சலை எழுந்து போய்விட்டார்.

அந்த வாரங்களில்தான் அது நடந்தது. சகுந்தலா வீட்டில் சோறு வடிக்கும்போது கொதிகஞ்சி காலில் கொட்டிவிட்டது. கொட்டியது அவருக்குத் தெரியவில்லை. அப்படியே நின்று வடித்து முடித்திருக்கிறார். பக்கத்தில் இருந்த மகள் பார்த்துக் கத்திய பிறகுதான் குனிந்து பார்த்திருக்கிறார். நாங்கள் மருத்துவமனைக்குப் போனபோது சகுந்தலா எங்களிடம் மன்னிப்புக் கேட்பதுபோல், "வலிக்கவே இல்ல டீச்சர்" என்று சொல்லிச் சிரித்தார். லூர்து வெளியே வந்து வராந்தாவில் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.

மாதா கோயில் பக்கத்தில் ஒரு கூடத்தைக் கேட்டு வாங்கிச் சோதனையை முடித்தாள். நடுவில் ஒரு திரை கட்டினாள். பெண்கள் திரைக்குப் பின்னால் உட்கார்ந்து காலை மட்டும் வெளியே நீட்ட வேண்டும். எந்தக் கால் எந்த ஊர்க் கூடத்துக்காரருடையது என்று மருத்துவருக்குத் தெரியக்கூடாது. அவருக்கே தெரியாமல் அவர் கை ஒரு பக்கம் சாய்ந்துவிடலாம் என்றாள். வரிசையாகத் திரைக்கு அடியிலிருந்து நீண்ட அந்தப் பாதங்களை நான் மறக்க முடியாது. சில மருதாணி வைத்தவை, சில வெடித்தவை, ஒன்றில் கட்டுப் போட்டிருந்தது. மருத்துவர் இழையால் தொடத் தொட, திரைக்குப் பின்னாலிருந்து "ம்" என்று குரல் வரும். சில கால்களைத் தொடும்போது எதுவும் வராது. அந்த மௌனத்தை லூர்து ஒவ்வொன்றாகக் குறித்துக்கொண்டாள்.

இந்த முறை கருதுகோள் நிற்கவில்லை. வேறுபாடு கண்ணை மூடிக்கொண்டாலும் தெரியும் அளவுக்கு இருந்தது. அறிக்கை போக வேண்டிய அலுவலகத்துக்குப் போனது, தொழிற்சாலை ஆய்வாளர் வந்தார். பலகை இறங்கியது, பசை மாறியது, காற்றை வெளியே இழுக்கும் விசிறி வந்தது. அஞ்சலைக்கு ஏறக்குறைய ஒரு வருடத்தில் காலில் உணர்வு திரும்பியது. வேறு சிலருக்கும் அப்படியே. சகுந்தலாவுக்கு முழுவதும் திரும்பவில்லை. இப்போதும் அவர் பின்பக்கம் வார் வைத்துக் கட்டிய செருப்புத்தான் போடுகிறார்.

கல்லூரியில் பாராட்டுக் கூட்டம் வைத்தார்கள். பேச அழைத்தபோது லூர்து எழுந்து, "முதல் அறிக்கையிலயும் என் பேருதான் இருக்கு" என்று மட்டும் சொல்லிவிட்டு உட்கார்ந்தாள். அதன்பின் ஒவ்வோர் ஆண்டும் முதல் வகுப்பில் அந்த முதல் அறிக்கையைத்தான் மாணவர்களிடம் கொடுத்தாள். பெயரை மறைக்காமல் கொடுத்தாள். இதில் எங்கே தப்பு என்று கேட்பாள். கணக்கில் தேடிக் களைத்துப்போவார்கள். யாரை யாரோடு ஒப்பிடுவது என்ற யோசனையைச் சொன்னவள் நான் என்பதை அவள் ஒருமுறைகூட யாரிடமும் சொன்னதில்லை. நானும் சொன்னதில்லை. இப்போது சொல்லிவிட்டேன்.

இறப்பதற்கு நான்கு நாட்களுக்கு முன் தொலைபேசியில் பேசினோம். சகுந்தலாவைக் கடைத்தெருவில் பார்த்தேன் என்று தொடங்கி, பழைய இடத்துக்கே வந்து நின்றாள். இரண்டாவது ஆய்வு முடியும்வரை காத்திருந்தது சரியா? அந்தக் கூடத்தைப் பார்த்த அன்றே, நிரூபணம் இல்லாவிட்டாலும், வாசலில் நின்று கத்தியிருக்க வேண்டாமா?

"ஜன்னலைத் திறன்னு சொன்னியே, அது போதாதா?" என்றேன்.

"சொன்னேன். மெதுவா சொன்னேன். தெரியலன்னு ஒருத்தி எழுதலாம்டி. தெரியாதப்ப என்ன செய்யணும்ங்கறதையும் அதே சத்தத்துல சொல்லணும்."

எனக்கு அன்று எரிச்சலாக இருந்தது. எத்தனை ஆண்டுகளாக இதே பேச்சு. "சான்று இல்லாம கத்தியிருந்தா நீ யாரு லூர்து? பலகை மாட்டினவனுக்கும் உனக்கும் என்ன வித்தியாசம்?"

"கத்தாம இருந்ததால நான் யாரு பரமு?"

பதில் சொல்வதற்குள் இணைப்பு அறுந்துவிட்டது. அவளுடைய வீட்டில் எப்போதும் சிக்னல் சரியாக வராது. நாளைக்குக் கூப்பிடலாம் என்று விட்டுவிட்டேன். மறுநாள் மறந்தேன், அதற்கு மறுநாள் ஏதோ வேலை. இப்போது பதில் இருக்கிறதா என்றால், இல்லை. சில காலைகளில் அவள் காத்திருந்தது சரி என்று தோன்றுகிறது. காத்திராமல் இருந்தால் பலகை இன்னும் தொங்கிக்கொண்டிருக்கும். சில காலைகளில் அடுப்பில் சோறு பொங்கும்போது அப்படித் தோன்றுவதில்லை.

கல்லறைத் தோட்டத்துக்கு அஞ்சலையும் சகுந்தலாவும் இன்னும் பத்துப் பதினைந்து பெண்களும் வந்திருந்தார்கள். என் பக்கத்தில் நின்ற அஞ்சலை, "ஒரு நாளு சண்டை போட்டுட்டேன் டீச்சர். பதினஞ்சு நாளு பேசல" என்றார். நானும்தான் என்று சொல்ல நினைத்து, வெறுமனே அவர் கையைப் பிடித்துக்கொண்டேன்.

அவளிடமிருந்து எனக்கு என்ன மிஞ்சியிருக்கிறது என்று யோசித்துக்கொண்டே இருந்தேன். சென்ற வாரம் வகுப்பில் அதற்கு விடை கிடைத்தது. இரு முனைகளும் சேர்ந்த, அதாவது மூடிய, ஓர் இடைவெளியில், தொடர்ச்சியான ஒரு சார்புக்கு உச்ச மதிப்பு ஒன்று கட்டாயம் உண்டு என்ற தேற்றம். ஆண்டுதோறும் நடத்துவது. 'இடைவெளி மூடியது என்க' என்று முதல் வரியை எழுதிவிட்டு இரண்டாவது வரிக்குப் போகக் கையை உயர்த்தினேன். கடைசி வரிசையில் ஒரு பெண், "மூடியது இல்லன்னா மேடம்?" என்றாள்.

இத்தனை ஆண்டுகளில் இந்தக் கேள்வி எத்தனையோ முறை வந்திருக்கிறது. "அது இந்தத் தேற்றத்துல இல்ல" என்று சொல்லிவிட்டுப் போய்க்கொண்டே இருப்பேன். அன்று சுண்ணக்கட்டியைக் கீழே வைத்தேன். ஒரு முனையை மட்டும் எடுத்துவிட்டுப் பாருங்கள் என்றேன். பார்த்தார்கள். சார்பு மேலே ஏறிக்கொண்டே போய், உச்சத்தை நெருங்கி, கடைசிவரை அதைத் தொடாமலே நின்றது. அடுத்து தொடர்ச்சி என்பதை எடுத்துப் பார்த்தோம். அப்போதும் முடிவு நிற்கவில்லை. 'என்க' என்று நான் ஒரு மூச்சில் தாண்டிப்போகும் ஒவ்வொரு சொல்லின் மேலும் என்னென்ன நிற்கிறது என்று அவர்களோடு சேர்ந்து நானும் பார்த்தேன். மணி அடித்தபோது நிரூபணத்தில் ஒரு வரிகூட எழுதியிருக்கவில்லை.

எனக்கு மிஞ்சியது இதுதான்: முதல் வரியிலேயே நின்று, இதை யார் சொன்னார்கள், உள்ளே போய்ப் பார்த்தோமா என்று கேட்கும் பழக்கம். அது நிம்மதியான பழக்கம் இல்லை. பாடத்திட்டத்தில் ஒரு வாரம் பின்தங்கியிருக்கிறேன். அடுத்த வகுப்பிலும் இரண்டாவது வரிக்குப் போவேனா என்று தெரியவில்லை.

— பரமேஸ்வரி